ஆலை வாசலில் நின்ற கேமரா: மிட்செல் அண்ட் கென்யன் கம்பெனியின் கதை

1905 வாக்கில் இங்கிலாந்தில் சினிமா அடிக்கணக்கில் விற்ற சரக்கு. செசில் ஹெப்வொர்த் தன் வீட்டு நாயையும் கைக்குழந்தையையும் மனைவியையும் நடிக்கவைத்து எடுத்த 'ரெஸ்க்யூட் பை ரோவர்' 425 அடி நீளம். அடிக்கு 6 பென்ஸ் வீதம் ஒரு பிரிண்டின் விலை 10 பவுண்டு 12 ஷில்லிங் 6 பென்ஸ் (அன்று 12 பென்ஸ் ஒரு ஷில்லிங், 20 ஷில்லிங் ஒரு பவுண்டு). எடுக்க ஆன மொத்தச் செலவோ 7 பவுண்டு 13 ஷில்லிங் 9 பென்ஸ்தான். முதல் பிரிண்ட் விற்றதுமே போட்ட காசு கைக்கு வந்துவிடும். விற்றது 395 பிரிண்ட். அத்தனை பிரிண்ட் போட்டதில் நெகட்டிவ் தேய்ந்துபோக, முழுப் படத்தையும் மறுபடி இரண்டு தரம் எடுக்க வேண்டியிருந்தது.

அதே ஆண்டுகளில் வடக்கே லங்காஷயரின் பருத்தி நகரமான பிளாக்பர்னில் ஒரு கம்பெனி இதற்கு நேர்மாறான கணக்கில் பிழைத்தது. ஒரு படத்துக்கு ஓரிரு பிரிண்ட். காட்டப்போவது ஒரே ஊரில், சில நாட்கள். அந்த நாட்கள் கழிந்தால் படத்தைச் சீந்துவார் இல்லை. சாகர் மிட்செல், ஜேம்ஸ் கென்யன் இருவரும் நடத்திய மிட்செல் அண்ட் கென்யன்தான் அந்தக் கம்பெனி. ஹெப்வொர்த்தின் நெகட்டிவ்களை 1924-இல் அவருடைய கம்பெனி நொடித்தபோது உருக்கிக் காசாக்கிவிட்டார்கள். மிட்செல் அண்ட் கென்யனின் நெகட்டிவ்களில் 826 இன்றும் இருக்கின்றன, பலவும் நேற்று கழுவியது மாதிரி. நன்றாக விற்ற படம் பிரிண்ட் போட்டுப் போட்டே தேய்ந்தது. விற்க வழியில்லாத படம் பத்திரமாகக் கிடந்தது. இந்தக் கம்பெனி எதை எடுத்தது, எங்கே நின்று எடுத்தது, எப்படி ஒடுங்கியது, எப்படித் தப்பியது எல்லாவற்றுக்கும் வேர் அந்த 'ஒரு ஊர், ஒரு வாரம்' கணக்கில்தான் இருக்கிறது என்பது என் கட்சி.

மிட்செல் 1866-இல் பிறந்தவர். பிளாக்பர்ன் நார்த்கேட் தெருவில் 40-ஆம் எண்ணில் போட்டோ சாமான் கடை வைத்திருந்தார். கென்யன் அவரைவிட பதினாறு வயது மூத்தவர். மேஜை நாற்காலி வியாபாரத்தோடு, காசு போட்டால் ஓடும் வேடிக்கை இயந்திரங்களும் செய்து விற்றவர். ஒருவருக்கு ரசாயனமும் லென்ஸும் தெரியும், மற்றவருக்குச் சந்தைக் கூட்டத்தின் சில்லறை எந்தப் பக்கம் ஓடும் என்று தெரியும். 1897 நவம்பரில் பிளாக்பர்ன் சந்தையைப் படமெடுத்து அந்தக் கடையிலேயே காட்டினார்கள். வெளியே விற்ற படங்களுக்கு 'நார்டன்' என்று வணிகப் பெயர். 1901-இல் தொழில் பெருத்து கிளேட்டன் தெருவுக்கு இடம் மாறியது.

அவர்களுடைய வாடிக்கையாளர்கள் ஊர் ஊராகக் கூடாரம் போட்டும் மண்டபம் வாடகைக்கு எடுத்தும் படம் காட்டியவர்கள். கிளாஸ்கோவின் ஜார்ஜ் கிரீன், ரால்ஃப் பிரிங்கிள், ஏ. டி. தாமஸ் முதலியோர். தாமஸ் லேசுப்பட்ட ஆள் இல்லை. அமெரிக்க எடிசனின் பெயரைத் தன் பெயரோடு ஒட்டி 'தாமஸ்–எடிசன்' என்று போஸ்டர் அடித்தவர். இவர்களுக்கெல்லாம் ஒரே தலைவலி. லண்டன் படமோ பாரிஸ் படமோ போட்டால், பக்கத்துக் கூடாரத்திலும் அதேதான் ஓடும். போட்டிக்காரனிடம் இருக்கவே முடியாத சரக்கு ஒன்று வேண்டும். அந்த ஊர்க்காரர்களின் முகங்களை விட்டால் அப்படிப்பட்ட சரக்கு வேறு ஏது? 'பிறர் கண்ணில் நீங்கள் எப்படி இருக்கிறீர்கள் என்று வந்து பாருங்கள்' என்ற பொருளில் விளம்பரம் செய்தார்கள். ஆட்டம் நடக்கப்போகும் ஊரில் ஆலைவாசலைப் படமெடுத்துத் தரச் சொல்லி பிளாக்பர்னுக்கு ஆர்டர் வரும்.

ஆலைவாசல் படத்தைச் சும்மா கேமராவை நட்டுவைத்துச் சுற்றியது என்று நினைத்துவிடக் கூடாது. அதில் தொழில் இருக்கிறது.

முதலில் நேரம். அன்றைய ஃபிலிமுக்கு உணர்திறன் மிகக் குறைவு, நல்ல பகல் வெளிச்சம் வேண்டும். ஆலையில் வேலை தொடங்குவது காலை ஆறு மணிக்கு. லங்காஷயரில் வருடத்தில் பாதி நாள் அப்போது இருட்டு. அதனால் மதியச் சாப்பாட்டு இடைவேளை அல்லது வேலை சீக்கிரம் முடியும் சனிக்கிழமைதான் சரியான வேளை. கோடையில் மாலைச் சங்கு ஊதும்போதும் எடுக்கலாம். வாசல் எந்தத் திசை பார்க்கிறது என்பதும் முக்கியம். வருகிறவர்களின் முதுகுக்குப் பின்னால் சூரியன் நின்றால் முகமெல்லாம் கரி. முகம் தெரியாவிட்டால் டிக்கெட் இல்லை.

அடுத்தது நிற்கும் இடம். வாசலுக்கு நேரெதிரே நின்றால் கூட்டம் கேமராவை நோக்கியே வந்து முட்டி நிற்கும். முன்வரிசை பின்வரிசையை மறைத்துவிடும். கொஞ்சம் சாய்வாக நிற்க வேண்டும். அப்போது ஆட்கள் தூரத்தில் சிறிதாகத் தோன்றி, நடக்க நடக்கப் பெரிதாகி, முழு உருவமாக வந்து கேமராவின் ஒரு பக்கமாக விலகிப் போவார்கள். ஒவ்வொரு முகத்துக்கும் சில நொடிகளாவது கிடைக்கும். ஃபிலிம் ஏற்றிய பிறகு லென்ஸ் வழியாகப் பார்க்கும் வசதி அன்றைய பெரும்பாலான கேமராக்களில் இல்லை. முன்கூட்டியே குறிபார்த்து, முக்காலியை இறுக்கி, எந்த எல்லைக்குள் ஆள் வந்தால் படத்தில் விழும் என்று மனதில் கோடு போட்டுக்கொள்ள வேண்டும்.

கைப்பிடியை ஒரு சுற்று சுற்றினால் எட்டு ஃப்ரேம், அதாவது எட்டுத் தனிப்படம். நொடிக்கு இரண்டு சுற்று, பதினாறு ஃப்ரேம். 35 மில்லிமீட்டர் ஃபிலிமில் ஓர் அடிக்குப் பதினாறு ஃப்ரேம் என்பதால் நொடிக்கு ஓர் அடி ஓடும். 100 அடிச் சுருள் என்றால் 100 நொடி, அவ்வளவுதான் கையிருப்பு. நொடிக்கு இரண்டு பேர் கடந்தாலே இருநூறு முகம். அவர்களில் பாதிப் பேர் வீட்டில் இருவரைக் கூட்டிக்கொண்டு வந்தால் கூடாரம் நிறைந்துவிடும். அதனால்தான் கூட்டம் மெலிந்ததும் கைப்பிடியை நிறுத்திவிட்டு, அடுத்த அலை வரும்போது மறுபடி சுற்றினார்கள். இந்த நிறுத்தம் படத்திலேயே தெரியும். கேமரா வேகம் குறைந்து நின்று திரும்ப எழும் இடத்தில் ஓரிரு ஃப்ரேமுக்கு வெளிச்சம் அதிகம் படும். நெகட்டிவில் அது கறுத்துப்போய், பிரிண்டில் பளிச்சென்ற வெள்ளையாக மின்னும்.

பெரும்பாடு கூட்டத்தால்தான். படப்பெட்டியைக் கண்டதும் ஆட்கள் நின்றுவிடுவார்கள். பத்துப் பேர் நின்றால் பின்னால் வரும் நூறு பேர் மறைந்தார்கள். பையன்கள் திரும்பத் திரும்ப ஓடிவந்து முன்னால் நிற்பார்கள். ஒரே பையன் மூன்று தரம் கடந்து போவதைப் பல படங்களில் பார்க்கலாம். இதற்காகவே படம் காட்டுபவரோ கம்பெனி ஆளோ ஃப்ரேமுக்குள்ளேயே நின்று, கையை வீசி, 'நில்லாதே, நட' என்று கூட்டத்தை விரட்டுகிறார். கென்யனே அப்படிச் சில படங்களில் தலைகாட்டுகிறார். நல்ல கோட்டும் தொப்பியும் போட்ட ஒருவர் தொழிலாளிகளுக்கு நடுவே காரணமில்லாமல் பரபரத்தால் அவர் இந்த வகை ஆள் என்று எடுத்துக்கொள்ளலாம். முன்வரிசையில் நிற்கும் சிறுவர்கள் எல்லாரும் வேடிக்கை பார்க்க வந்தவர்கள் இல்லை. பன்னிரண்டு வயதானவர்கள் பாதி நாள் ஆலையிலும் பாதி நாள் பள்ளியிலும் இருந்த காலம் அது.

நிறங்களிலும் ஒரு வில்லங்கம். அந்த ஃபிலிம் நீலத்தை வாரி வாங்கும், சிவப்பைக் கண்டுகொள்ளாது. வானம் வெள்ளைத் தாளாகிவிடும். சிவப்புச் சால்வையும் பழுப்புச் சால்வையும் ஒரே கறுப்பு. முகத்துப் புள்ளிகள் கூடுதலாகத் தெரியும். ஆலைப் பெண்கள் எல்லாரும் கறுப்பு உடுத்தினார்கள் என்று இந்தப் படங்களை வைத்து முடிவுகட்டினால் தப்பாகிவிடும்.

மதியம் எடுத்ததை அன்றிரவோ மறுநாளோ காட்டியாக வேண்டும் என்பதால் அடுத்த ஓட்டம் இருட்டறையை நோக்கி. ஃபிலிமுக்குச் சிவப்பு தெரியாது என்பது இங்கே அனுகூலம், சிவப்பு விளக்கைப் போட்டுக்கொண்டே வேலை செய்யலாம். அந்தக் காலத்து வழக்கப்படி சுருளை மரச்சட்டத்திலோ உருளையிலோ ஒன்றன்மேல் ஒன்று படாமல் சுற்றி, படத்தை வெளிக்கொண்டுவரும் டெவலப்பர் கரைசல் தொட்டியில் முக்கி, அலசி, ஹைப்போ என்ற உப்புக் கரைசலில் நிலைப்படுத்தி, ஓடும் தண்ணீரில் நெடுநேரம் கழுவ வேண்டும். பிறகு காய்ந்ததும் முறுகி உடையாமலிருக்க கிளிசரின் கலந்த தண்ணீரில் ஒரு முக்கு. பெரிய உருளையில் சுற்றிக் காயவைத்தால் நெகட்டிவ் தயார். அதன்மேல் புது ஃபிலிமை முகத்தோடு முகம் சேர்த்து விளக்கின் முன்னால் ஓட்டினால் பிரிண்ட்.

அவசரம் கழுவுவதில்தான் கைவைக்கும். ஹைப்போ மிச்சமிருந்தால் அன்றைக்கு ஒன்றும் தெரியாது, ஆண்டுகள் போகப் போகப் படம் மஞ்சளித்து வெளிறும். மரச்சட்டத்தில் ஃபிலிம் வளையும் முனையில் டெவலப்பர் சமமாகப் பாயாததால் சீரான இடைவெளியில் பட்டை பட்டையாகக் கறை விழும். குளிர்ந்த வறண்ட நாளில் கைப்பிடியை வேகமாகச் சுற்றினால் உராய்வில் மின்பொறி பறந்து, மரக்கிளை மாதிரி வெள்ளைக் கோடுகள் பிரிண்டில் தெரியும். இவையெல்லாம் பழசானதால் வந்த கீறல்கள் என்று பலர் நினைக்கிறார்கள். பிறக்கும்போதே இருந்த மச்சங்கள் அவை.

ஆலைவாசல் மட்டுமே தொழில் என்றில்லை. கால்பந்து ஆட்டம், தேவாலய ஊர்வலம், டிராம் பயணம், கப்பல் புறப்பாடு என்று கூட்டம் கூடிய இடமெல்லாம் போனார்கள். 1902 டிசம்பரில் பர்ன்லிக்கும் மான்செஸ்டர் யுனைடெடுக்கும் நடந்த ஆட்டத்தின் படம் இருக்கிறது. அந்த கிளப் 'யுனைடெட்' என்று பெயர் மாற்றிக்கொண்டதே அந்த வருடம்தான். கோல் விழுவதைத் தேடினால் ஏமாற்றமே. எப்போது விழும் என்று தெரியாமல் ஃபிலிமை வீணாக்க முடியாது. அதனால் அணிகள் மைதானத்துக்குள் ஓடிவருவதையும், அதைவிட முக்கியமாக, பார்வையாளர் வரிசைகளையும் எடுத்தார்கள். டிக்கெட் வாங்கப்போவது ஆட்டக்காரன் இல்லையே.

கிரிக்கெட்டில் ஒன்றைச் சொல்லாமல் போக மனமில்லை. லங்காஷயரின் வேகப்பந்து வீச்சாளர் ஆர்தர் மோல்ட் பந்தை எறிகிறார் என்று புகார் இருந்தது. 1901 ஜூலையில் ஓல்ட் டிராஃபோர்டில் சாமர்செட்டுக்கு எதிரான ஆட்டத்தில் நடுவர் ஜிம் பிலிப்ஸ் அவருக்கு 16 முறை நோபால் கொடுத்தார். அதே கோடையில் மோல்ட், முன்னாள் கேப்டன் ஹார்ன்பிக்குப் பந்து போடுவதை மிட்செல் அண்ட் கென்யன் படமெடுத்தது. முழங்கை மடங்கியதா என்று அதைப் பார்த்துத் தீர்ப்புச் சொல்ல முடியுமா? நொடிக்குப் பதினாறு ஃப்ரேமில் கை மேலே சுழன்று பந்து விடுபடும் கணத்துக்கு இரண்டு மூன்று ஃப்ரேம்தான் கிடைக்கும், அதிலும் கை மங்கலான விசிறியாகத்தான் விழும். நூறாண்டு கழித்து 2004-இல் முத்தையா முரளிதரன் முழங்கையை நீட்டவிடாத, மடக்கவிடாத பட்டையை மாட்டிக்கொண்டு கேமரா முன் பந்து போட்டுக் காட்டினார். கேமரா எவ்வளவோ முன்னேறியும் வாதம் ஓயவில்லை. மோல்ட் பாவம், அந்தப் பருவத்தோடு அவருடைய ஆட்டமே முடிந்தது.

கம்பெனிக்கு இன்னொரு முகமும் உண்டு. தென்னாப்பிரிக்காவில் டச்சு வழிக் குடியேறிகளான போயர்களோடு பிரிட்டன் போரிட்டபோது பிளாக்பர்னைச் சுற்றியுள்ள மேட்டு நிலத்திலேயே தென்னாப்பிரிக்காவை உண்டாக்கினார்கள். சீனாவின் பாக்ஸர் கலகத்தையும் விடவில்லை. உள்ளூர் ஆட்களுக்கு வேஷம் போட்டு, மிஷன் பங்களாவைத் தாக்குவதாக 1900-இல் ஒரு படம். இவற்றைப் போலிச் செய்திப் படம் என்று இன்றைக்குத் திட்டுகிறவர்களோடு எனக்கு முழு உடன்பாடு இல்லை. போர்முனைக்கு உண்மையிலேயே கேமரா கொண்டுபோனவர்களால் தூரத்துப் புகையைத்தான் எடுக்க முடிந்தது. நாடகமாகக் காட்டுவதை நாடக மேடைக்குப் பழகிய கூட்டம் அப்படியேதான் எடுத்துக்கொண்டிருக்கும். ஆனால் அந்தப் படங்களில் வரும் சீனர்களும் போயர்களும் வெறும் கேலிச்சித்திரங்கள். அதற்குச் சப்பைக்கட்டு கட்ட முடியாது.

எனக்குப் பிடித்தது கௌடி படம். பேங்க் ஆஃப் லிவர்பூலின் குமாஸ்தா தாமஸ் கௌடி குதிரைப் பந்தயத்தில் மாட்டிக்கொண்டு, சுமார் 1,70,000 பவுண்டைக் கையாடினார். 1901 டிசம்பர் தொடக்கத்தில் லிவர்பூலை ஒட்டிய பூட்டிலில் பிடிபட்டார். சில நாட்களுக்குள் மிட்செல் அண்ட் கென்யன் அந்தக் கைதை நடிகர்களை வைத்து எடுத்து, லிவர்பூல் அரங்கில் திரையிட வைத்துவிட்டது. கவனிக்க வேண்டியது, ஆட்கள்தான் வேஷம், இடங்கள் நிஜம். பேங்க் கட்டிடம், ஒளிந்திருந்த தெரு எல்லாம் உண்மையானவை. நம்ம தெரு படத்தில் வருகிறது என்ற அதே கிளுகிளுப்பு. ஆலைவாசல் படத்தின் சூத்திரத்தைக் குற்றச் செய்திக்குப் போட்டுப் பார்த்திருக்கிறார்கள்.

சரிவு நீளமாகச் சொல்ல வேண்டிய கதை இல்லை. படங்கள் நீண்டன, கதை வந்தது, படத்தை விற்காமல் வாடகைக்கு விடும் முறை வந்து வாராவாரம் புதுப்படம் சுலபமாகக் கிடைத்தது. 1909-இன் சினிமாட்டோகிராஃப் சட்டம் தீப்பாதுகாப்புக்காக உரிமம் கேட்டது. நிரந்தரக் கொட்டகைகள் முளைத்தன, கூடாரங்கள் மெலிந்தன. 1910-இல் பாத்தே நிறுவனம் பிரிட்டனில் வாரச் செய்திப்படம் தொடங்கியது. ஊர்ப்படத்துக்கு ஆர்டர் கொடுக்க ஆளில்லை. 1913-க்குப் பிந்திய படம் எதுவும் மிஞ்சவில்லை. கென்யன் 1925-இல் இறந்தார். மிட்செல் போட்டோ கடைக்கே திரும்பி, 1952 வரை வாழ்ந்தார். நெகட்டிவ்கள் நார்த்கேட் கடையின் நிலவறையில் மூன்று உலோகப் பீப்பாய்களுக்குள் இருந்தன.

1994-இல் அந்தக் கட்டிடத்தைக் காலி செய்த தொழிலாளர்கள் பீப்பாய்களைக் குப்பையில் போடாமல், விஷயம் தெரிந்தவர்களிடம் சேர்த்தார்கள். கடைசியில் அவை இந்தக் கம்பெனியைப் பற்றி ஏற்கெனவே ஆராய்ந்துகொண்டிருந்த உள்ளூர் வரலாற்று ஆர்வலர் பீட்டர் வோர்டன் கைக்குப் போயின. 2000-இல் பிரிட்டிஷ் ஃபிலிம் இன்ஸ்டிட்யூட் ஏற்றுக்கொண்டது. மொத்தம் சுமார் 28 மணி நேரப் படம்.

அன்றைய ஃபிலிம் செல்லுலோஸ் நைட்ரேட்டால் ஆனது. நைட்ரேட் ஃபிலிம் தப்புவது சாதாரண விஷயம் இல்லை. அது வெடிமருந்துப் பஞ்சுக்கு நெருங்கிய உறவு. எரியத் தேவையான ஆக்சிஜன் அதற்குள்ளேயே இருப்பதால் பற்றிக்கொண்டால் தண்ணீருக்கடியிலும் எரியும். எரியாமல் விட்டாலும் மெல்லச் சிதையும். முதலில் படம் வெளிறும், பிறகு பிசுபிசுத்து ஒட்டும், குமிழ் விடும், சுருள் ஒரே கட்டியாகும், கடைசியில் பழுப்புப் பொடி. சிதைவில் கிளம்பும் அமிலப் புகை பக்கத்துச் சுருளையும் கெடுக்கும். சூடும் ஈரமும் சேர்ந்தால் எல்லாம் வேகமாக நடக்கும். பிளாக்பர்ன் நிலவறையின் குளிர்ச்சி இவற்றைக் காப்பாற்றியதில் பாதி. மீதிப் பாதி, ஓரிரு பிரிண்டுக்குமேல் யாரும் போடாததால், ஃபிலிமை இழுக்கும் பல்சக்கரத்தில் அடிபடாத ஓரத்துளைகள். பிரிண்ட் மட்டும் மிஞ்சியிருந்தால் புரொஜெக்டரில் ஓடிக் கீறிப்போனதைத்தான் பார்த்திருப்போம். இங்கே கேமராவுக்குள் ஓடிய அதே சுருள் கிடைத்தது. அதனால்தான் நாலாவது வரிசையில் நிற்பவரின் மீசைகூடத் தெரிகிறது.

அப்படியும் நேராக இயந்திரத்தில் மாட்ட முடியாது. நைட்ரேட் காலப்போக்கில் சுருங்கும். நூற்றுக்கு ஒரு பங்கு சுருங்கினாலே துளைகளுக்கு நடுவே உள்ள தூரம் இன்றைய பல்சக்கரத்தோடு பொருந்தாது, பற்கள் துளையைக் கிழித்துவிடும். ஒவ்வொரு சுருளையும் கையால் பிரித்து, சோதித்து, கிழிந்த துளைகளை ஒட்டி, சுருங்கிய ஃபிலிமுக்கென்று மாற்றியமைத்த பிரிண்டரில் மெதுவாக ஓட்டிப் புது ஃபிலிமில் பிரதி எடுத்தார்கள். இதற்குச் சில ஆண்டுகள் பிடித்தன.

இன்னொரு பக்கம் ஷெஃபீல்ட் பல்கலைக்கழகத்தில் வனெஸா டூல்மின் தலைமையில் அடையாளம் காணும் வேலை. எந்த ஊர், எந்த ஆலை, எந்த நாள்? டிராமில் எழுதிய ஊர்ப்பெயர், கடைப் பலகை, சுவரில் ஒட்டிய நாடக போஸ்டர், தேவாலயக் கோபுரம் என்று ஒவ்வொன்றாகப் பிடித்து, அன்றைய உள்ளூர் பத்திரிகை விளம்பரங்களோடு ஒத்துப் பார்த்தார்கள். படம் காட்டியவர்கள் பத்திரிகையில் விளம்பரத்தைக் கொட்டியது இங்கே கைகொடுத்தது. 2005-இல் பிபிசி தொடராக ஒளிபரப்பியபோது பார்த்தவர்கள் பல லட்சம். 2011-இல் யுனெஸ்கோவின் 'உலக நினைவு' திட்டத்தின் பிரிட்டன் பதிவேட்டில் தொகுப்பு இடம்பெற்றது.

இணையத்தில் இவற்றைத் தேடும்போது நிறம் பூசி, நொடிக்கு அறுபது ஃப்ரேமாக்கி, கூட்டத்துச் சத்தமும் சேர்த்த பதிப்புகள்தான் முதலில் வந்து விழும். அவற்றை ஒதுக்கிவிடுங்கள். மென்பொருள் தானாக ஊகித்த நிறம் அது, சால்வைக்கு என்ன நிறம் என்று அந்த நெகட்டிவுக்கே தெரியாது. இடையிடையே மின்னும் வெள்ளை ஃப்ரேமையும் மரச்சட்டக் கறையையும் பழுது என்று நினைத்து அழித்தும் இருப்பார்கள். பிரிட்டிஷ் ஃபிலிம் இன்ஸ்டிட்யூட் வெளியிட்ட கறுப்பு வெள்ளைப் பிரதியைத் தேடிப் பாருங்கள். வேறு பிரதிதான் கிடைத்து, அதில் ஆட்கள் குடுகுடுவென்று ஓடினால், பதினாறு ஃப்ரேமில் எடுத்ததை இருபத்துநாலில் ஓட்டியிருக்கிறார்கள் என்று அர்த்தம். வேகத்தை மூன்றில் இரண்டு பங்காகக் குறைத்தால் நடை ஓரளவு நடையாகிவிடும்.